'பணம் திரும்பக் கிடையாது' என்று ஆப்பில் எழுதிவிட்டால் அதுவே சட்டமா?

கேள்வி: போடிநாயக்கனூரில் குடியிருக்கிறேன். பி.எஸ்சி. நர்சிங் முடித்துவிட்டு, கேரளப் பக்கம் பூப்பாறை அருகே ஒரு ஏலத்தோட்ட மருத்துவமனையில் செவிலியராக வேலை பார்க்கிறேன். காலையில் ஜீப்பில் போடிமெட்டு ஏறினால் வீடு திரும்ப இருட்டிவிடும். செவிலியர் வேலைக்காக எய்ம்ஸ் நடத்தும் நார்செட் தேர்வுக்குப் பயிற்சி தருவதாக ஒரு ஸ்டார்ட்அப் நிறுவனம் விளம்பரம் செய்திருந்தது. 'தேர்ச்சி உறுதி, தமிழில் நேரலை வகுப்பு, சிக்னல் இல்லாத இடத்திலும் பார்க்கலாம்' என்றார்கள். கட்டணம் 42,000 ரூபாய். 6,000 ரூபாயை ஜிபேயில் அனுப்பினேன். மீதியைத் தவணையாகக் கட்டலாம் என்று சொல்லி, தோட்டத்தில் ஏலக்காய் எடுக்கப் போகும் என் அம்மாவின் ஆதார் எண்ணையும் வங்கிக் கணக்கையும் வாங்கினார்கள். அது கடன் என்பதே மூன்றாம் நாள் ஒரு ஃபைனான்ஸ் கம்பெனியிலிருந்து வந்த எஸ்.எம்.எஸ்.ஸைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. வகுப்புகள் எல்லாம் இந்தியில் பதிவு செய்தவை. டவுன்லோடும் ஆகவில்லை. ஆறாம் நாளே வேண்டாம் என்று மெயில் போட்டேன். 'பணம் திரும்பத் தரப்படாது என்ற விதியை ஏற்றுத்தான் சேர்ந்தீர்கள், தகராறு என்றால் டெல்லியில் நடுவர் முன்பு வாருங்கள்' என்று பதில் வந்தது. ஐந்து மாதமாக அம்மாவின் கணக்கிலிருந்து மாதம் 3,000 ரூபாய் போகிறது. நான் என்ன செய்வது?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: சகோதரி, முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். நீங்கள் டெல்லிக்குப் போக வேண்டியதில்லை. 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 34-ஆவது பிரிவுப்படி, புகார் கொடுப்பவர் குடியிருக்கும் ஊரிலோ வேலை பார்க்கும் ஊரிலோ வழக்குப் போடலாம். உங்கள் வீடு தேனி மாவட்டத்தில், வேலை இடுக்கி மாவட்டத்தில். இரண்டு மாவட்ட நுகர்வோர் ஆணையங்களுக்கும் உங்கள் வழக்கை விசாரிக்க அதிகாரம் உண்டு. தமிழில் பேசி, தமிழ் ஆவணங்களைக் கொடுத்து நடத்தத் தேனியே வசதி. நடுவர் ஷரத்து இருப்பதால் நுகர்வோர் ஆணையத்தின் கதவு மூடிவிடாது என்பது எமார் எம்.ஜி.எஃப். வழக்கில் 2018 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்த நிலை.

அடுத்து அவர்கள் இரண்டு வாதங்களை வைப்பார்கள். 'நாங்கள் கல்வி தருகிறோம், கல்வி நுகர்வோர் சட்டத்துக்குள் வராது' என்பது ஒன்று. பல்கலைக்கழகங்களைப் பொறுத்தவரை அந்த வாதத்தை நீதிமன்றங்கள் ஏற்றதுண்டு. ஆனால் சேலம் விநாயகா மிஷன் பல்கலைக்கழகம் சம்பந்தப்பட்ட வழக்கில் 20.1.2020 அன்று தேசிய நுகர்வோர் ஆணையம் தீர்ப்பளித்தபோது, பயிற்சி மையங்களைப் பள்ளி, கல்லூரிகளோடு சேர்க்க முடியாது, அவற்றின் சேவைக் குறைபாட்டை நுகர்வோர் மன்றம் விசாரிக்கலாம் என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. மனுவில் இந்தத் தீர்ப்பைக் கட்டாயம் குறிப்பிடுங்கள்.

இரண்டாவது வாதம் மருத்துவத் துறையினருக்கென்றே வைக்கப்படுவது. 'இவர் ஏற்கெனவே செவிலியர், தொழில் முன்னேற்றத்துக்காக வாங்கினார், ஆகவே நுகர்வோர் அல்ல' என்பார்கள். மேற்படிப்புத் தேர்வுக்குப் படிக்கும் டாக்டர்களிடமும் இதையே சொல்லலாம். பயப்பட வேண்டாம். வாங்கி விற்று லாபம் பார்க்க நீங்கள் இந்த வகுப்பில் சேரவில்லை, வேலைக்காகச் சேர்ந்தீர்கள். பிழைப்புக்காகச் சுயமாகத் தொழில் செய்பவரையே நுகர்வோராக ஏற்கும் சட்டம், வேலைத் தேர்வுக்குப் படிக்கும் செவிலியரைத் தள்ளிவிடாது. கடன் அம்மாவின் பெயரில் இருப்பதால் அவரையும் மனுதாரராகச் சேருங்கள். பணம் கொடுத்தவர் மட்டுமல்ல, அவர் சம்மதத்தோடு சேவையைப் பெற்றவரும் நுகர்வோர்தான். எதிர்மனுதாரர்களாகப் பயிற்சி நிறுவனத்தோடு ஃபைனான்ஸ் கம்பெனியையும் போடுங்கள்.

'தேர்ச்சி உறுதி' என்ற விளம்பரம்தான் உங்கள் கையில் உள்ள வலுவான சான்று. பயிற்சித் துறையின் தவறான விளம்பரங்களைத் தடுக்க, மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 13.11.2024 அன்று வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. தேர்ச்சிக்கோ வேலைக்கோ உத்தரவாதம் தருவது, 'இன்னும் சில இடங்களே' என்று பொய்யாக அவசரப்படுத்துவது, வென்றவர்களின் படத்தை அவர்கள் எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் போடுவது ஆகியவை அதில் தடை. அதற்குள் அந்த ஆணையம் 18 பயிற்சி நிறுவனங்களுக்கு மொத்தம் 54.60 லட்சம் ரூபாய் அபராதம் விதித்திருந்தது. விளம்பரம் இன்னும் ஓடினால் தேதி தெரியும்படி ஸ்கிரீன் ரெக்கார்டிங் எடுங்கள். நாளை அதை நீக்கிவிடுவார்கள். டவுன்லோடு ஆகாமல் நிற்கும் திரையையும், வகுப்புப் பட்டியலில் மொழி காட்டும் இடத்தையும் படமெடுத்து வையுங்கள். அவற்றை எடுக்கும்வரை ஆப்பை அழிக்காதீர்கள்.

கடன் விஷயத்தில்தான் நிதானம் வேண்டும். கோபத்தில் அம்மாவின் கணக்கைக் காலியாக வைத்துவிடாதீர்கள். கணக்கில் போதிய பணமின்றித் தானியங்கித் தவணை திரும்பினால், 2007-ஆம் ஆண்டு பணப்பட்டுவாடா முறைகள் சட்டத்தின் 25-ஆவது பிரிவுப்படி, செக் திரும்புவது போலவே அதுவும் குற்றம். சிபில் மதிப்பெண்ணும் விழும். ஃபைனான்ஸ் கம்பெனிக்கு இன்றே எழுத்தில் புகார் அனுப்பி, கடன் ஒப்பந்தத்தையும் வட்டி, கட்டணம் எல்லாம் காட்டும் முக்கிய விவரத் தாளையும் கேளுங்கள். ரிசர்வ் வங்கியின் டிஜிட்டல் கடன் விதிப்படி அந்தத் தாளைக் கடன் தரும் முன்பே கொடுத்திருக்க வேண்டும். ஆதார் எண்ணையும் வங்கிக் கணக்கையும் வாங்கிக்கொண்டு கடன் என்ற சொல்லையே மறைத்தார்கள் என்பதை அப்படியே எழுதுங்கள். 30 நாளில் சரியான பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமில்லாமல் போகலாம். வசூல் ஆட்கள் காலை 8 மணிக்கு முன்போ இரவு 7 மணிக்குப் பின்போ பாக்கி கேட்டு அழைக்கக் கூடாது. விடியலில் ஜீப்புக்கு நிற்கும் அம்மாவை யாராவது போனில் மிரட்டினால், அந்த எண்ணையும் நேரத்தையும் குறித்து வையுங்கள்.

வழக்குக்கு முன் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்யுங்கள். அந்த வழியில் 600-க்கும் மேற்பட்ட பயிற்சி மாணவர்களுக்கு 1.56 கோடி ரூபாய் திரும்பக் கிடைத்ததாக 2025 பிப்ரவரியில் அரசு அறிவித்தது. நிறுவனத்தின் குறைதீர் அலுவலருக்கும் மெயில் அனுப்புங்கள். மின்வணிக விதிப்படி 48 மணி நேரத்தில் புகாரைப் பெற்றதாக ஒப்புகை தந்து, ஒரு மாதத்துக்குள் தீர்வு சொல்ல வேண்டியது அவர் கடமை. இதற்கெல்லாம் அசையவில்லையென்றால் பதிவுத் தபாலில் நோட்டீஸ், பிறகு தேனி ஆணையம். 5 லட்சம் ரூபாய் வரை மனுக் கட்டணம் கிடையாது. இ-ஜாக்ரிதி தளத்திலேயே தாக்கல் செய்யலாம், வீடியோ வழியாக விசாரிக்கும்படியும் கேட்கலாம். எதிர்த்தரப்பு 30 நாளில், மிஞ்சினால் இன்னும் 15 நாளில் பதில் தாக்கல் செய்தாக வேண்டும். அதற்கு மேல் அவகாசம் தர ஆணையத்துக்கே அதிகாரமில்லை என்று உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 2020-இல் சொல்லிவிட்டது.

என்ன கேட்பது என்பதில் நேர்மையாக இருங்கள். தேர்வில் தேறவில்லை என்பதற்காக எந்த ஆணையமும் இழப்பீடு தராது. சொன்ன வகுப்பு நடக்கவில்லை, ஆறாம் நாளே விலகினேன், கட்டிய பணமும் வட்டியும் வேண்டும், மீதிக் கடன் ரத்தாக வேண்டும், மன உளைச்சலுக்கும் செலவுக்கும் நியாயமான தொகை வேண்டும் என்று கேளுங்கள். ஐந்து பத்து லட்சம் என்று எழுதினால் மனுவின் கனம்தான் குறையும்.

வக்கீல் கட்டணத்தை நினைத்துத் தயங்காதீர்கள். 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆவது பிரிவுப்படி, வருமானம் எவ்வளவு என்றாலும் பெண்களுக்குச் சட்ட உதவி இலவசம். 15100 என்ற எண்ணில் கூப்பிட்டால் வழி சொல்வார்கள். வழக்குப் போட இரண்டு ஆண்டு அவகாசம் இருக்கிறது, அதில் ஐந்து மாதம் போய்விட்டது. அடுத்த தவணை தேதிக்கு முன்பே ஃபைனான்ஸ் கம்பெனிக்கு எழுதிவிடுங்கள். உங்கள் கையெழுத்தோடு அம்மாவின் கையெழுத்தும் அதில் இருக்கட்டும்.