சாமி வரும்போது பேசுவது யார்?

தைப்பூசம் நெருங்கினாலே இளைஞர் வகுப்பில் இந்தக் கேள்வி வந்துவிடும்: "அண்ணா, சாமி வர்றது நெசமா, நடிப்பா?" ஈப்போ கல்லுமலைக் கோயிலுக்குக் காவடி போகும்போது, உறுமி ஏற ஏற ஒருவர் உடம்பு நடுங்கி ஆடத் தொடங்குவதை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். சிலர் கும்பிடுவார்கள், சிலர் கைப்பேசியைத் தூக்கிப் படம் பிடிப்பார்கள். சிலருக்கு உள்ளுக்குள் கூச்சம், "மத்த இனத்துக்காரங்க பாத்தா என்ன நெனைப்பாங்க?" என்று.

அந்தக் கூச்சத்துக்கு முதலில் பதில் சொல்லிவிடலாம். எரிகா பூர்கினியோன் என்ற மானிடவியலாளர் 488 சமூகங்களைப் பற்றிய பதிவுகளை ஒப்பிட்டு 1973-இல் ஒரு நூல் வெளியிட்டார். தன்னிலை மறக்கும் வழக்கம் ஏதோ ஒரு வடிவில் பத்தில் ஒன்பது சமூகங்களில் இருந்தது. ஹைத்தியில் வூடு, சூடானில் ஸார், சில கிறிஸ்துவ சபைகளில் பரிசுத்த ஆவி என்று பெயர்தான் மாறுகிறது. இது நம்மிடம் மட்டும் ஒட்டிக்கொண்ட பழக்கம் அல்ல.

மானிடவியல் படித்தவர்கள் "நெசமா, பொய்யா" என்பதை ஒதுக்கி வைத்துவிட்டு வேறு கேள்விகள் கேட்கிறார்கள். யார் மேல் வருகிறது? வந்து என்ன பேசுகிறது? யார் கேட்கிறார்கள்? சோமாலியாவில் ஆய்வு செய்த ஐ. எம். லூயிஸ் 1971-இல் எழுதியது இது: அங்கே பெரும்பாலும் மணமான பெண்கள் மேல்தான் ஆவி வருகிறது. வந்த ஆவி புதுத்துணி கேட்கும், வாசனைத் திரவியம் கேட்கும். மனைவி கேட்டால் காதில் விழாதது, ஆவி கேட்டால் கணவன் காதில் விழுகிறது.

இதைவிடப் பக்கத்துக் கதையும் உண்டு. 1978-இல் சிலாங்கூர் சுங்கைவேயில் ஓர் அமெரிக்க மின்னணுத் தொழிற்சாலையில் சுமார் 120 பெண்களுக்கு ஒரே சமயத்தில் ஆவி பிடித்தது. நாள் முழுக்க நுண்ணோக்கியில் கண் வைத்து வேலை செய்தவர்கள். மூன்று நாள் தொழிற்சாலையை மூடி, போமோவை அழைத்து ஆடு வெட்டினார்கள். இந்தச் சம்பவத்தைத் தன் 1987 நூலில் பதிவு செய்த ஐவா ஓங், வேலையின் அழுத்தத்துக்கு அந்த உடல்கள் காட்டிய எதிர்ப்பு என்று இதைப் படிக்கிறார்.

இப்போது நம் தோட்டத்துக்கு வருவோம். சுங்கை சிப்புட், தாப்பா பக்கத்து ரப்பர் தோட்டங்களில் விடியற்காலைப் பெரட்டில் பேச்சு மேலிருந்து கீழேதான் வரும். துரை, கிராணி, கங்காணி, கடைசியில் பால்மரம் வெட்டுகிறவர். திருவிழா அன்று முனியாண்டி வந்து இறங்குவது பெரும்பாலும் அந்தக் கடைசி ஆள் மேல்தான். "எனக்கு ஏன்டா படையல் வைக்கல?" என்று அவர் அதட்ட, கங்காணியும் கைகட்டி நின்று திருநீறு வாங்குவார். லயத்தில் அடிபடும் பெண்ணின் வழக்கும், அண்ணன் தம்பி சண்டையும் அந்த நேரத்தில் சபைக்கு வரும். மறுநாள் காலை அதே ஆள் அதே பெரட்டில். லூயிஸ் சொன்னது இங்கே பாதிக்கு மேல் பொருந்துகிறது என்பது என் எண்ணம்.

மீதிப் பாதி பொருந்தவில்லை. பிள்ளை பிழைத்ததற்கு நேர்த்திக்கடனாகப் பால்குடம் எடுத்து, படியில் அருள் வந்து அழுகிற அம்மா யாரிடமும் எதுவும் கேட்கவில்லை. கொடுக்க வந்திருக்கிறாள். அதிகாரக் கணக்கில் அது அடங்காது.

நம் பெரியவர்கள் இன்னொன்றையும் பிரித்து வைத்தார்கள். சாமி வந்தால் உடுக்கைக்கு வரும், திருநீறு போட்டால் மலையேறும். பேய் பிடித்தால் வேளை பார்க்காது, ஆளை உருக்கும். மலேசியத் தைப்பூசத்தை ஆராய்ந்து 1984-இல் எழுதிய உளவியலாளர் கொலின் வார்டும் ஏறக்குறைய இப்படித்தான் பிரிக்கிறார்: சமூகம் ஏற்பாடு செய்து, துணை நின்று, குறித்த நேரத்தில் முடிகிற அருள் வேறு, தனியாளை நீண்ட நாள் வாட்டுகிற பிடிப்பு வேறு. இதைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். வலிப்பு வந்தாலோ, நாள் கணக்கில் தூக்கமில்லாமல் குரல் கேட்கிறது என்றாலோ திருநீறு போடுங்கள், அன்றைக்கே மருத்துவமனைக்கும் கூட்டிப் போங்கள். ஆயிரக்கணக்கில் ரிங்கிட் கேட்டுக் குறி சொல்கிறவரிடம் மட்டும் போகாதீர்கள். தோட்டத்து முனியாண்டி சுருட்டும் கோழியும்தான் கேட்டார்.

அந்தத் தோட்டங்கள் பலவும் செம்பனைக்கும் வீடமைப்புக்கும் போய்விட்டன. சனங்கள் புந்தோங் போன்ற இடங்களுக்குக் குடிவந்தார்கள். சில முனியாண்டிகள் ஆகமக் கோயிலில் ஓரமாக நிற்கிறார்கள், சிலர் செம்பனைக்குள் சூலத்தோடு தனியாக. உயிர்ப்பலி வேண்டாம் என்பது ஒரு வாதம், பேசலாம். ஆனால் சுருட்டையும் சாமியாட்டத்தையும் "அது நம்ம சமயமே இல்ல" என்று மேடையில் சொல்கிறபோது, அந்தப் பெரட்டில் நின்றவருக்கு இருந்த ஒரே பேச்சையும் சேர்த்துத்தான் தள்ளுகிறோம்.

அடுத்த வகுப்புக்கு வீட்டுத் தாத்தா, பாட்டியிடம் கேட்டு எழுதி வாருங்கள்: உங்கள் தோட்டத்தில் யார் மேல் சாமி வந்தது, அவர் என்ன வேலை பார்த்தார், சாமி சொல்லி யாராவது கேட்டு நடந்த சங்கதி ஒன்று, அந்தச் சாமி இப்போது எங்கே இருக்கிறது.