குவியும் ஒளி, விரியும் ஒளி
முகாமுக்கு ஏற்ற டார்ச் லைட்டைத் தேர்ந்தெடுப்பது எப்படி?

மும்பை, புணே வட்டாரத்தில் வாழும் நம் தமிழ்க் குடும்பங்களில், மலையேற்றமும் கூடாரத்தில் தங்குவதும் இன்று கல்லூரிப் பிள்ளைகளுக்கு மட்டும் உரியவையாக இல்லை. பவனா ஏரிக்கரை, பண்டார்தரா, ராஜ்மாச்சி, ஹரிச்சந்திரகட் என்று விடுமுறை நாள்களில் குடும்பத்தோடு புறப்பட்டு விடுகிறோம். போகுமுன் பல அன்பர்கள் என்னிடம் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: "ஸார், எந்த டார்ச் வாங்கலாம்? ஜூம் உள்ளதா, இல்லாததா?" மின்விளக்குத் தொழிலில் பல ஆண்டுகள் பணியாற்றியவன் என்ற முறையில், தனித்தனியே சொல்லி வந்ததை இங்கே ஒரு பாடமாகவே எழுதுகிறேன்.

முடிவை முதலிலேயே சொல்லி விடுகிறேன். கடைக்காரர் ஜூம் டார்ச்சைத் தூரத்துக் கட்டடத்தின் மேல் அடித்துக் காட்டுவார். ஆனால் முகாமில் நமக்கு வேண்டியது பெரும்பாலும் தூரத்து ஒளி அன்று, காலடி ஒளி. ஆகவே ஜூம் டார்ச் வாங்கும்போது அது எவ்வளவு தூரம் குவிகிறது என்பதைவிட, எவ்வளவு நன்றாக விரிகிறது என்பதையே முதலில் பார்க்க வேண்டும்.

ஒளி குவிவது எப்படி?

வெள்ளை எல்.இ.டி. விளக்கின் உள்ளே இருப்பது உண்மையில் நீல ஒளி தரும் சிறு சில்லு. அதன் மேல் பூசிய மஞ்சள் பூச்சு அந்த ஒளியை வெள்ளையாக்குகிறது. பிரகாசமான நீல எல்.இ.டி.யை உருவாக்கியதற்காக அகசாகி, அமானோ, நகமுரா ஆகிய மூவருக்கும் 2014இல் இயற்பியல் நோபல் பரிசு கிடைத்தது. இன்று நம் கையில் உள்ள டார்ச் அந்தக் கண்டுபிடிப்பின் பேரப்பிள்ளை.

ஜூம் டார்ச்சில் இந்தச் சில்லுக்கு முன்னால் ஒரு குவிவில்லை இருக்கிறது. தலைப்பகுதியை உள்ளே தள்ளினால் வில்லை சில்லுக்கு அருகே வந்து ஒளி விரிகிறது. வெளியே இழுத்தால் சில்லு வில்லையின் குவியத்துக்கு வந்து ஒளி குவிகிறது. அப்போது சுவரில் சதுரமாக ஒரு வெளிச்சம் தெரியும். அது பழுதன்று, சில்லின் உருவமே பெரிதாகித் தெரிகிறது.

தோட்டத்து ரப்பர் குழாயை நினைத்துக்கொள்ளுங்கள். வாயை விரலால் அழுத்தினால் தண்ணீர் தூரப் பாய்கிறது. ஆனால் தண்ணீரின் அளவு கூடுவதில்லை. ஜூம் டார்ச்சிலும் அப்படித்தான். இன்னும் சொன்னால், வில்லை விலகி நிற்கும்போது பக்கவாட்டில் போகும் ஒளி உள்சுவரில் பட்டு வீணாகிறது. குவிக்கும்போது மொத்த ஒளி குறையவே செய்கிறது.

மூன்று அளவுகள்

டார்ச்சின் பெட்டியில் அச்சிட்டிருக்கும் சொற்களில் மூன்றைத் தெரிந்துகொண்டால் போதும். லூமென் என்பது வெளிவரும் மொத்த ஒளி. கேண்டெலா என்பது ஒரு திசையில் அந்த ஒளியின் செறிவு. லக்ஸ் என்பது ஒரு பரப்பின் மேல் வந்து விழும் ஒளி.

"200 மீட்டர் தூரம்" என்று பெட்டியில் இருந்தால், அந்தத் தூரத்தில் 0.25 லக்ஸ் ஒளி விழுகிறது என்று பொருள். இது ஏறக்குறைய முழுநிலவின் வெளிச்சம். அங்கே ஏதோ இருக்கிறது என்று தெரியும். கல்லா, பாம்பா என்று தெரியாது. பாதித் தூரத்தில் ஒளி நான்கு மடங்காகும். எனவே பெட்டியில் போட்டிருக்கும் தூரத்தில் பாதிக்கும் குறைவாகவே நம் பயனுக்கு எடுத்துக்கொள்வது நல்லது.

ஒரு சிறு கணக்கு

300 லூமென் டார்ச் ஒன்றை எடுத்துக்கொள்வோம். 60 பாகை அகலத்துக்குச் சீராக விரித்தால் அதன் செறிவு சுமார் 350 கேண்டெலா. கணக்குப்படி அதன் தூரம் 38 மீட்டருக்கு அருகில். அதையே 6 பாகைக்குக் குவித்து, மூன்றில் இரண்டு பங்கு ஒளி வீணாகி 100 லூமென் மட்டும் வெளிவருகிறது என்று வைத்துக்கொண்டாலும், செறிவு 11,000 கேண்டெலாவைத் தாண்டுகிறது. தூரம் 200 மீட்டருக்கு மேல்! கடைக்காரர் காட்டும் வித்தை இதுதான்.

இப்போது கணக்கின் மறுபக்கத்தைப் பாருங்கள். 5 மீட்டர் தூரத்தில், விரித்த ஒளி ஏறக்குறைய 6 மீட்டர் அகலத்துக்கு விழுகிறது. குவித்த ஒளியோ அரை மீட்டர் வட்டம்தான். கரடுமுரடான பாதையில் இறங்கும் அப்பாவின் கையில் இந்த அரை மீட்டர் வட்டம் மட்டும் இருந்தால், பின்னால் வரும் அம்மாவுக்கும் குழந்தைக்கும் கால் வைக்கும் படி தெரியாது. வட்டத்தின் பளிச்சென்ற ஒளிக்குக் கண் பழகிவிடுவதால் அதன் ஓரத்து இருள் மேலும் கறுப்பாகத் தோன்றும். மாலையில் இறங்கத் தாமதமாகும் குடும்பங்களில் கணுக்கால் சுளுக்குவதற்கு இதுவும் ஒரு காரணமாகலாம். ஆழம் அறியாமல் காலை விடாதே என்றார்கள் பெரியவர்கள். அறிவதற்கு அகல ஒளி வேண்டும்.

இரவில் கூடாரத்தை விட்டு வெளியே வரும்போதும் இதே விதிதான். கட்டுவிரியன் இரவில் நடமாடும் பாம்பு. செருப்பையோ ஷூவையோ உதறிப் பார்த்து, காலைச் சுற்றி அகல ஒளி பாய்ச்சிய பிறகே அடி எடுத்து வைக்க வேண்டும்.

பேட்டரிக் கணக்கு

நல்ல டார்ச்சுகள் பலவற்றில் 18650 என்ற லித்தியம் செல் இருக்கும். 18 மில்லிமீட்டர் விட்டம், 65 மில்லிமீட்டர் நீளம் என்பதே அந்த எண்ணின் பொருள். 3,000 மில்லி ஆம்பியர் மணி உள்ள ஒரு செல்லில் சுமார் 11 வாட் மணி ஆற்றல் இருக்கிறது. ஒரு வாட்டுக்கு ஏறத்தாழ 100 லூமென் என்று கொண்டால், 1,000 லூமெனில் ஒரு மணி நேரம். 100 லூமெனில் பத்து மணி நேரம். கூடாரத்துக்குள் 10 லூமெனே தாராளம். அந்த அளவில் பல இரவுகள் ஓடும்.

இந்தக் கணக்குத் தெரிந்தால் யாரும் நம்மை ஏமாற்ற முடியாது. ஒரே செல் உள்ள சிறு டார்ச்சில் "5,000 லூமென், பத்து மணி நேரம்" என்று எழுதியிருந்தால் அது நடக்காத காரியம். அதற்கு 500 வாட் மணி வேண்டும்! அதேபோல் 18650 செல்லின் மேல் "9,900" என்று அச்சிட்டிருந்தால் அதைத் தொடவே வேண்டாம். இந்த அளவுள்ள செல்லில் பெரும்பாலும் 3,500 அளவுதான் உண்மையில் கிடைக்கிறது.

விமானத்தில் ஊருக்குப் போகிறவர்கள் உதிரி லித்தியம் செல்களைக் கைப்பையில்தான் எடுத்துச் செல்ல வேண்டும். சரக்குப் பெட்டியில் வைக்கக் கூடாது. முனைகள் ஒன்றையொன்று தொடாதபடி பிளாஸ்டிக் உறையில் போட்டு வையுங்கள். இமயமலைப் பக்கம் போகிறவர்கள் இரவில் செல்லைத் தூங்கும் பைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். குளிரில் அதன் திறன் குறையும்.

மழையும் மூடுபனியும்

சஹ்யாத்ரி மழையைப் பற்றி நம்மவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஜூம் டார்ச்சின் பலவீனம் இங்கேதான் வெளிப்படும். தலையை முன்னும் பின்னும் இழுக்கும்போது அது பிச்சுக்காரி போலக் காற்றை உள்ளே இழுக்கிறது. காற்றோடு ஈரமும் தூசியும் நுழைகின்றன. ஐ.பி.எக்ஸ்.4 என்றால் தெறிக்கும் நீரைத் தாங்கும், ஐ.பி.எக்ஸ்.7 என்றால் ஒரு மீட்டர் ஆழத்தில் 30 நிமிடம் தாங்கும். ஜூம் டார்ச்சில் குறைந்தது முதலாவது இருக்க வேண்டும். ஜூலை, ஆகஸ்ட் மாத மலையேற்றத்துக்கு ஜூம் இல்லாத, நன்கு மூடிய டார்ச்சே மேல்.

மூடுபனியில் டார்ச்சைக் கண்ணருகே பிடித்தால் வெள்ளைத் திரைதான் தெரியும். இடுப்புக்குக் கீழே இறக்கி, ஒளியைக் குறைத்துத் தரையை நோக்கிப் பிடித்தால் பாதை தெரியும்.

கடையில் செய்ய வேண்டிய சோதனைகள்

லோஹார் சாலில் வாங்கினாலும் சரி, தபாலில் வரவழைத்தாலும் சரி, இவற்றைச் செய்து பாருங்கள்:

1. ஒளியை முழுதும் விரித்துச் சுவரில் அடியுங்கள். வட்டம் ஓரம் வரை சீராக இருக்க வேண்டும். நடுவில் கறுப்புப் பொட்டோ வளையங்களோ கூடாது.

2. தலையைக் கீழ்நோக்கிப் பிடித்துக் குலுக்குங்கள். ஜூம் தானாக நழுவக் கூடாது. ஒரு கையாலேயே விரிக்கவும் குவிக்கவும் முடிய வேண்டும்.

3. பட்டனை அழுத்தினால் குறைந்த ஒளி முதலில் வருகிறதா என்று பாருங்கள். ஒவ்வொரு முறையும் கண்ணைப் பறிக்கும் மின்னல் ஒளியைத் தாண்டித்தான் அணைக்க முடியும் என்றால், கூடாரத்தில் தூங்குகிறவர்கள் உங்களைத் திட்டுவார்கள்.

4. பைக்குள் தானாக எரியாமலிருக்கப் பூட்டு வசதி உண்டா? பல டார்ச்சுகளில் பின்மூடியைக் கால் சுற்றுத் தளர்த்தினாலே தொடர்பு அறுந்துவிடும்.

5. செல்லை நாமே கழற்றி மாற்ற முடிகிறதா? சார்ஜ் தீர்ந்தால் உதிரி செல்லைப் போட்டுக்கொள்ளலாம்.

ஒரு டார்ச் போதுமா?

போதாது. கள்சுபாயில் சூரியோதயம் காண இருட்டிலேயே ஏறுகிறவர்கள் உண்டு. 1,646 மீட்டர் உயரமுள்ள அந்தச் சிகரத்தின் வழியில் இரும்பு ஏணிகள் இருக்கின்றன. ஏணிக்கு இரண்டு கையும் வேண்டும். டார்ச்சை எந்தக் கையில் பிடிப்பது? எனவே ஆளுக்கு ஒரு தலைவிளக்கு முதல் தேவை. குடும்பத்துக்கு ஒரு ஜூம் டார்ச் அதற்கு அடுத்த துணை. பாதை பிரியும் இடத்தில் வழியடையாளத்தைத் தேட, ஏரியின் அக்கரையைப் பார்க்க, பின்தங்கியவருக்கு இடம் காட்ட அது உதவும். ஆபத்தில் உதவி கேட்க, ஒரு நிமிடத்தில் ஆறு முறை ஒளிகாட்டி, ஒரு நிமிடம் நிறுத்தி, மறுபடி காட்ட வேண்டும். மலையேறுவோர் உலகெங்கும் அறிந்த சைகை இது. கண்டவர்கள் நிமிடத்துக்கு மூன்று முறை காட்டிப் பதில் தருவார்கள். குவித்த ஒளிக்கு உண்மையான வேலை இங்கேதான்.

கூடாரத்துக்குள் ஒளியை விரித்து, டார்ச்சை நிமிர்த்தி வைத்தால் கூரையில் பட்டுத் திரும்பும் ஒளியில் எல்லோரும் உட்கார்ந்து சாப்பிடலாம்.

அணைக்க வேண்டிய நேரம்

மே மாதக் கடைசியிலும் ஜூன் முதல் வாரங்களிலும் பண்டார்தரா, ராஜ்மாச்சிப் பக்கம் மரம் முழுவதும் மின்மினிகள் மின்னும். அந்த ஒளி அவை துணையை அழைக்கும் பேச்சு. நம் டார்ச் அதைக் கெடுத்து விடுகிறது. அங்கே ஒளியை மிகக் குறைத்துத் தரையை நோக்கி மட்டும் பிடியுங்கள். நின்றபின் அணைத்து விடுங்கள். இருளுக்குக் கண் முழுதும் பழக அரைமணி நேரம் ஆகும். அதன்பின் நட்சத்திரமும் தெரியும், மின்மினியும் தெரியும். யாருடைய கண்ணிலும், விலங்குகளின் கண்ணிலும் குவித்த ஒளியை அடிக்கக் கூடாது என்பதைப் பிள்ளைகளுக்குப் புறப்படும்போதே சொல்லி வையுங்கள்.

சுருக்கமாக: சீராக விரியும் ஒளி, மிகக் குறைந்த ஒளி நிலை, நழுவாத ஜூம், மாற்றக்கூடிய நேர்மையான செல், மழைத் தாங்கும் உடல். இந்த ஐந்தும் இருந்தால், அது 100 மீட்டர் போகிறதா 300 மீட்டர் போகிறதா என்று கவலைப்பட வேண்டியதில்லை. அடுத்த பயணத்துக்கு முன் ஒரு நாள் இரவு வீட்டு விளக்குகளை அணைத்துவிட்டு, வாங்கிய டார்ச்சைப் பிள்ளைகள் கையில் கொடுத்து இருட்டிலேயே செல் மாற்றப் பழக்குங்கள். மலையில் அது கைகொடுக்கும்.