நழுவும் மெத்தையும் நாம் படித்த உராய்வும்



அப்ளைடு மெக்கானிக்ஸ் தாளில் உராய்வு என்று ஒரு பாடம் வரும். சாய்தளத்தில் ஒரு மரக்கட்டை, அதைச் சுற்றி நாலு அம்புக்குறி, கீழே ஒரு கணக்கு. மார்க் வாங்கினோம், மறந்தோம். அந்தப் பாடம் ஒருநாள் எங்கள் வீட்டுக் கட்டிலுக்கே வந்து நிற்கும் என்று நான் நினைக்கவில்லை.

எங்கள் அப்பத்தா கிணற்றடியில் விழுந்ததில் இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்ததும், படுக்கைப் புண் வராமலிருக்க டாக்டர் சொன்னபடி, தேங்காய் நார் மெத்தைக்கு மேலே 2 அங்குல ஃபோம் விரிப்பு ஒன்று வாங்கிப் போட்டோம். கடையில் இதை டாப்பர் என்கிறார்கள். கீழ் மெத்தைக்கு ரெக்சின் உறை. அங்கேதான் வம்பு.

ஒரு விடியற்காலை அப்பத்தா எழுந்திருக்க ஓரத்துக்கு நகர்ந்தபோது ஃபோமும் கூடவே வந்துவிட்டது. அத்தை ஓடிவந்து தாங்கிப் பிடித்ததால் தப்பித்தார். ஆனால் அன்றிலிருந்து நடக்கவே பயம். "நடந்தால்தான் கால் தேறும்" என்று டாக்டர் சொல்ல, அப்பத்தா கட்டிலை விட்டு இறங்க மறுத்தார். சனிக்கிழமை நான் போனபோது கேட்டார்: "ஏய்யா, இன்சினீருக்குப் படிக்கிறியே, இந்த மெத்தைய நகராமப் பண்ண முடியாதா?"

மூன்று வருடத்தில் எந்த வைவாவிலும் இப்படி ஒரு கேள்வி வந்ததில்லை!

முதலில் செய்த தவறுகள்

நாலு மூலையிலும் ஊக்கு குத்தினேன். இரண்டே நாளில் ஃபோம் கிழிந்தது. ஊக்கு திறந்தால் உடம்பில் குத்தும் ஆபத்து வேறு. அடுத்து மூலைக்கு மூலை எலாஸ்டிக் பட்டை தைத்து மெத்தைக்கு அடியில் மாட்டினேன். எலாஸ்டிக்கின் குணமே இழுத்தால் நீள்வதுதானே? ஃபோம் சில அங்குலம் நகர்ந்த பிறகே அது பிடித்தது. விழுவதற்கு அந்தச் சில அங்குலம் போதும்.

பிறகுதான் நோட்டைத் திறந்தேன்.

இரண்டு தளம், ஒரு போட்டி

உராய்வு விசை என்பது உராய்வுக் குணகத்தையும் செங்குத்து அழுத்தத்தையும் பெருக்கினால் வருவது. 1699-ல் பிரான்சின் அமாண்டன்ஸ் சொன்னதும், 1785-ல் கூலும் விரிவாக்கியதும் இதுதான். (ரப்பர், ஃபோம் போன்ற மெத்தென்ற பொருட்களுக்கு இந்த விதி அச்சுப்பிசகாமல் பொருந்தாது. தோராயக் கணக்குக்குப் போதும்.)

கட்டிலில் உராயும் தளங்கள் இரண்டு. மேலே புடவைக்கும் ஃபோம் மீதுள்ள விரிப்புக்கும் நடுவே ஒன்று. கீழே ஃபோம் உறைக்கும் ரெக்சினுக்கும் நடுவே இன்னொன்று. எது பலவீனமோ அதுதான் முதலில் சறுக்கும்.

அளந்து பார்த்தேன். ஒரு பலகையில் ரெக்சினைச் சுற்றி, அதன்மேல் உறைத் துணி சுற்றிய ஃபோம் துண்டை வைத்து, மேலே ஒரு செங்கல்லை ஏற்றி, பலகையை மெல்லத் தூக்கினேன். 17 டிகிரியில் சறுக்கியது. சறுக்குக் கோணத்தின் டேன் மதிப்புதானே குணகம்? 0.3 வந்தது. பருத்தி மேல் பருத்தி 27 டிகிரி வரை நின்றது, குணகம் 0.5.

இப்போது கணக்கு. உட்கார்ந்திருப்பவரின் எடையில் 40 கிலோ கட்டில் மேல் இருக்கிறது, ஃபோமின் எடை 3 கிலோ என்று வையுங்கள். மேல்தளம் 20 கிலோ விசை வரை தாங்கும். கீழ்த்தளம் 43 பெருக்கல் 0.3, அதாவது 13 கிலோவிலேயே கைவிட்டுவிடும். ஆகவே அப்பத்தா விரிப்பின் மேல் நகரவில்லை. விரிப்போடு, ஃபோமோடு சேர்ந்து நகர்ந்தார். மேலும் ஓரத்தில் உட்காரும்போது மெத்தை அமுங்கி வெளிப்பக்கம் சரிகிறது. அது 10 டிகிரி என்றால், 17-ல் மீதி 7 டிகிரிதான் நமக்குக் காப்பு!

செய்த வேலை

1. ஃபோமுக்கும் மெத்தைக்கும் இடையில் ரப்பர் வலை விரிப்பு. தரை மிதியடி வழுக்காமலிருக்க அடியில் போடுவார்களே, அதுதான். பலகைச் சோதனையில் 35 டிகிரி, குணகம் 0.7. இப்போது கீழ்த்தளம் 30 கிலோ தாங்கும். போட்டியில் கீழ்த்தளம் ஜெயித்துவிட்டது.

2. புரண்டு படுக்கும்போது ஆள் இல்லாத பக்கத்தில் ஃபோமின் சொந்த எடை மட்டுமே அழுத்தும். அங்கே உராய்வு குறைந்து, ஃபோம் இரவெல்லாம் கொஞ்சம் கொஞ்சமாக ஊர்ந்து போகும். அதற்கு ஃபோமைக் காடாத்துணி உறைக்குள் போட்டு, உறையின் ஓரத்தில் பக்கத்துக்கு மூன்றாக ஆறு பருத்தி நாடா தைத்தோம். நாடா நீளாது, எடையை நம்பியும் இல்லை.

3. நாடாவை மெத்தையோடு மட்டும் கட்டினால் மெத்தையே கட்டிலில் சறுக்கும். எனவே கட்டில் சட்டத்தில் கட்டினேன். முடிச்சு சட்டத்துக்கு அடியில் இருக்க வேண்டும். உடம்பு படும் இடத்தில் கூடாது.

4. நாடாவை இறுக்கி ஃபோமை நசுக்கக் கூடாது. நசுங்கிய ஃபோம் புண்ணைத் தடுக்காது. தளர்வு இல்லாமல் நின்றால் போதும்.

5. வாரம் ஒருமுறை அவிழ்த்து உறையைத் துவைக்கலாம். ஃபோமை வெயிலில் போடாதீர்கள், பொடிந்துவிடும். நிழலில் காற்றாட வையுங்கள்.

ஒரு எச்சரிக்கை. ஃபோம் நிற்கிறதே என்று நோயாளியை விரிப்பின் மேல் இழுத்து நகர்த்தக் கூடாது. அந்த இழுவை முழுவதையும் இப்போது தோல்தான் வாங்கும். அதனாலும் புண் வரும். இருவராகத் தூக்கியே நகர்த்த வேண்டும்.

எல்லாம் முடிந்ததும் முதலில் நானே ஓரத்தில் உட்கார்ந்து, நகர்ந்து, எழுந்து பத்து தடவை சோதித்தேன். பிறகுதான் அப்பத்தா. அத்தை ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். ஓரத்துக்கு வந்தார், கையை ஊன்றினார், எழுந்தார். திரும்பி மெத்தையைப் பார்த்தார். அது இருந்த இடத்திலேயே இருந்தது.

"பரவால்லய்யா, படிச்சிருக்க" என்றார்.

நண்பர்களே, ஹாஸ்டல் கட்டிலில் உங்கள் மெத்தை நழுவினால் தூக்கம்தான் கெடும். உங்கள் வீட்டில் ஒரு பெரியவர் படுத்திருந்தால், இந்த விடுமுறையில் போனதும் அவர் கட்டில் ஓரத்தில் ஒருமுறை உட்கார்ந்து எழுந்து பாருங்கள். எது எதன் மேல் சறுக்குகிறது என்று பார்த்துவிட்டு, அப்புறம் நாடாவை எடுங்கள்.