ஃப்ளோரன்ஸில் தனி வழிகாட்டியோடு நடக்கப் போறியா? அக்கா சொல்றதைக் கேட்டுட்டுக் கிளம்பு

இத்தாலிக்கு டிக்கெட் போட்டாச்சு, ஃப்ளோரன்ஸுக்கு ரெண்டு நாள் ஒதுக்கியாச்சு, அதுல ஒரு காலையில தனியா வழிகாட்டி வச்சு ஊரை நடந்து பார்க்கப் போறேன்னு சொல்றே. நல்ல முடிவும்மா. பழைய ஊர் முழுக்க நடக்கிற தூரம்தான். ரயில் நிலையத்துலேருந்து பெரிய தேவாலயத்துக்குப் பத்து நிமிஷம், அங்கேருந்து ஆர்னோ ஆத்துக்கு இன்னும் பத்து நிமிஷம். காரெல்லாம் அங்கே வேண்டவே வேண்டாம். பழைய ஊருக்குள்ள வெளிவண்டி நுழைஞ்சா கேமரா பிடிச்சு வீட்டுக்கே அபராதச் சீட்டு வரும்.

முதல் தடவை நான் அம்மாவைக் கூட்டிட்டுப் போனேன். ஜூலை மாசம். மூணு மணி நேரத்துல ஒன்பது இடம்னு பட்டியல் போட்டு வழிகாட்டி கையில கொடுத்தேன். அவங்களும் மறுக்காம அதே மாதிரி ஓட்டினாங்க. ஆர்னோ பாலத்துக்கிட்ட வந்தப்ப அம்மா ஒரு கடை வாசப்படியில உட்கார்ந்துட்டாங்க. ராத்திரி, "என்னம்மா பார்த்தே?"ன்னு கேட்டா, "கால்வலி ஒண்ணுதான் ஞாபகம் இருக்கு"ன்னாங்க. காசு கொடுத்துத் தனி ஆள் வச்சதே நம்ம வேகத்துக்கு நடக்கத்தானே? அதை நான் அன்னிக்கு யோசிக்கல. நீ யோசி.

1. முதல்ல கிழமையைப் பாரு. உஃபிசி, அகாடெமியா ரெண்டு அருங்காட்சியகத்துக்கும் திங்கள்கிழமை விடுமுறை. இது தெரியாம திங்கள்கிழமைக்கு வழிகாட்டியை அமர்த்திட்டு, மூடின கதவு முன்னாடி நின்னு அழாதே. ஞாயித்துக்கிழமை தேவாலயத்துல பூசை நடக்கும், நம்மை மாதிரி பார்க்க வர்றவங்களுக்கு அது தோதான நாள் இல்ல. மாசத்தோட முதல் ஞாயிறு அரசு அருங்காட்சியகங்கள்ல இலவசம்னு கேள்விப்பட்டு ஆசைப்படாதே, டிக்கெட்டுல மிச்சமாகிற காசு வரிசையில நின்னே போயிடும். செவ்வாயிலேருந்து வெள்ளிக்குள்ள ஒரு நாள், காலை எட்டரைக்குத் தொடங்கற மாதிரி வச்சுக்கோ. பத்தரைக்கு மேல பெரிய பஸ் கூட்டம் இறங்கிடும்.

2. உரிமம் இருக்கிற ஆளா பாரு. இத்தாலியில வரலாறு சொல்லி ஊர் காட்டறதுக்கு அரசு உரிமம் வேணும். "குயிதா துரிஸ்திகா"ன்னு பேரு, அடையாள அட்டையும் இருக்கும். பயணத்துல கூட வந்து ஹோட்டல், ரயில் ஏற்பாடு பார்த்துக்கறவங்க வேற, அவங்களுக்கு "அக்கொம்பஞ்ஞாத்தோரே"ன்னு பேரு. ரெண்டையும் குழப்பிக்காதே. தேவாலய வாசல்ல நின்னுட்டு "வாங்க, நான் காட்டறேன்"னு கூப்பிடறவங்க பின்னாடி போகவே போகாதே.

அமர்த்தறதுக்கு முன்னாடி இதையெல்லாம் எழுத்துல கேட்டு வாங்கிடு:
• கட்டணம் தலைக்கா, குழுவுக்கா? பெரும்பாலும் குழுவுக்குத்தான் இருக்கும். நாலு பேர் குடும்பத்துக்கு அதுதான் லாபம்.
• உள்ளே போற டிக்கெட் இதுல சேருமா, தனியா?
• எந்த இடத்துல, எந்தப் பக்கம் சந்திக்கணும்? "தேவாலயத்துக்கிட்ட"ன்னு மட்டும் சொன்னா ஒத்துக்காதே. அதைச் சுத்தி வரவே நேரமாகும்.
• ரத்து செஞ்சா பணம் எவ்வளவு திரும்பும்?

நீயும் அவங்களுக்கு நாலு வரி எழுதி அனுப்பணும். யார் யார் வர்றீங்க, வயசு என்ன, யாருக்கு முட்டிவலி, குழந்தைக்கு எதுல ஆசை, எது ஏற்கெனவே பார்த்தாச்சு. இதை எழுதாதவங்கதான் "எல்லாருக்கும் சொல்றதையே எங்களுக்கும் சொன்னாங்க"ன்னு குறை சொல்றாங்க.

3. மூணு மணி நேரத்துக்கு நாலு இடம் போதும். வடக்கேருந்து தெற்கா நடந்தா ஒரே கோடு, திரும்பி வர வேண்டாம். நான் சொல்ற வரிசை இது.

பெரிய தேவாலயத்துக்கு எதிர்ல இருக்கிற ஞானஸ்நானக் கோயிலோட கிழக்கு வாசல் கதவுல ஆரம்பி. கிபெர்திங்கற சிற்பி 1425லேருந்து 1452 வரைக்கும் அந்த ஒரு ஜோடிக் கதவுக்காக உழைச்சார். பத்தே பலகை, ஒவ்வொண்ணுலயும் பைபிள் கதை. வாசல்ல இருக்கறது நகல், அசல் தேவாலயத்துக்குப் பின்னாடி இருக்கிற அருங்காட்சியகத்துல. 1966 நவம்பர் 4ஆம் தேதி ஆர்னோ பெருகி ஊருக்குள்ள வந்தப்ப, இந்தக் கதவுலேருந்து அஞ்சு பலகை பிச்சுக்கிட்டு வந்துடுச்சு. வெள்ளம் எவ்வளவு உயரம் ஏறிச்சுன்னு பல சுவர்கள்ல கல்வெட்டு பதிச்சிருக்காங்க. உன் தலைக்கு மேலே இருக்கும். அதைக் காட்டச் சொல்லி வழிகாட்டிகிட்ட கேளு, கேட்காட்டி நிறைய பேர் விட்டுடறாங்க.

அப்படியே திரும்பினா தேவாலயத்தோட குவிமாடம். இங்கே அவசரப்படாதே, அரை மணி நேரம் கொடு. 1296ல ஆரம்பிச்ச தேவாலயம், நூறு வருஷத்துக்கு மேல தலையில குவிமாடம் இல்லாம நின்னுது. அவ்வளவு அகலத்தை எப்படி மூடறதுன்னு யாருக்கும் தெரியல. 1418ல போட்டி வச்சாங்க. பொற்கொல்லர் வேலை கத்துக்கிட்ட புரூனெல்லெஸ்கிகிட்ட பொறுப்பு வந்துது. தரையிலேருந்து மரச்சாரம் கட்டித் தாங்காம, உள்ளே ஒண்ணு வெளியே ஒண்ணுன்னு ரெண்டு ஓடா எழுப்பினார். செங்கல்லை மீன்முள் மாதிரி மாத்தி மாத்தி அடுக்கினதால, சுண்ணாம்பு காயறதுக்கு முன்னாடியே வரிசை சரியாம நின்னுது. 1420ல தொடங்கி 1436ல முடிஞ்சுது. இதை வெளியில நின்னு நல்ல வழிகாட்டி கையால வரைஞ்சு காட்டிச் சொன்னா, பத்து வயசுப் பிள்ளைக்கும் புரியும். அவங்களுக்குக் கொடுக்கற காசு இந்த அரை மணி நேரத்துக்கே தகும்னு எனக்குத் தோணும்.

அடுத்தது சிஞ்ஞோரியா சதுக்கம். அங்கே நிக்கற டேவிட் சிலை நகல், 1910ல வச்சது. மைக்கேலாஞ்சலோ 1504ல முடிச்ச அசல் 1873 வரைக்கும் இதே இடத்துல வெயில்லயும் மழையிலயும் நின்னுது. சதுக்கத்துத் தரையில ஒரு வட்டக் கல் பதிச்சிருக்கும். சவோனரோலாங்கற துறவியை 1498ல தூக்குல போட்டு எரிச்ச இடம் அது. ஜனங்க தெரியாம அது மேலயே நின்னு படம் எடுக்கறாங்க. நீ ஒரு நிமிஷம் குனிஞ்சு பாரு.

கடைசியா பொந்தே வெக்கியோ, பழைய பாலம். 1345ல கட்டினது. ஒரு காலத்துல கசாப்புக் கடைங்க இருந்துது. நாத்தம் தாங்காம 1593ல அவங்களைக் கிளப்பிட்டுப் பொற்கொல்லர்களை வச்சாங்க, இன்னிக்கும் நகைக்கடைதான். 1944ல ஜெர்மன் படை பின்வாங்கறப்ப ஊர்ப் பாலங்களை எல்லாம் தகர்த்துட்டு இதை மட்டும் விட்டுது. இங்கே பார்க்கலாம், வாங்கறதை அப்புறம் யோசி.

4. அகாடெமியாவுல இருக்கிற டேவிட் அசலை இதே காலையில திணிக்காதே. அகாடெமியாவும் உஃபிசியும் வேற நேரம், வேற டிக்கெட், முன்பதிவு கட்டாயம்னே நினைச்சுக்கோ. மூணு மணி நேரம் நடந்துட்டு ஓவியத்துக்கு முன்னாடி நின்னா கண்ணு பார்க்கும், மனசு பார்க்காது.

5. குவிமாடத்துல ஏறணுமா? 463 படி, லிஃப்ட் கிடையாது, நடுவுல திரும்பி இறங்கவும் வழி சுலபமில்ல. பாதை ரொம்பக் குறுகல். இதய நோய், மூச்சுத் திணறல், முட்டிவலி இருக்கிறவங்க வேண்டாம். நேரம் குறிச்ச டிக்கெட், தாமதமா போனா உள்ளே விடமாட்டாங்க. அதனால நடைக்கு மறுநாள் காலையில வச்சுக்கோ.

6. செருப்பு, துணி. தெருவெல்லாம் பாளம் பாளமா கல். புது ஷூ வேண்டாம், ஊர்ல ரெண்டு வாரம் போட்டுப் பழகினதா இருக்கணும். தேவாலயத்துக்குள்ள தோளும் முட்டியும் மூடியிருக்கணும். சுடிதார்க்காரிக்குக் கவலையே இல்ல. கையில்லாத டாப்ஸ் போட்டா துப்பட்டா ஒண்ணு பையில இருக்கட்டும். ஆம்பளைங்க அரை டிராயர்லயே கிளம்பிடுவாங்க, அவங்களைத்தான் முதல்ல சரிபார்க்கணும். தண்ணி பாட்டில் எடுத்துக்கோ, சிஞ்ஞோரியா சதுக்கத்துலயே இலவசமா நிரப்பிக்கலாம்.

7. வயிறு. காபியை நின்னுகிட்டே குடி, உட்கார்ந்தா அதே காபிக்கு விலை கூடும். காபி குடிச்ச கடையிலயே கழிவறையும் கேட்டுக்கோ, தெருவுல தேடி அலையாதே. ஓட்டல் பில்லுல "கொபெர்த்தோ"ன்னு தலைக்கு ஒரு தொகை இருக்கும், ஏமாத்து இல்ல, அந்த ஊர் வழக்கம்.

சைவம் சாப்பிடறவங்க கவனமா கேளு. ரொட்டித் துண்டுல தடவித் தர்ற பழுப்பு விழுது கோழி ஈரல். "லாம்பிரெதோத்தோ" மாட்டு வயித்துப் பகுதி. "ரிபொல்லித்தா" ரொட்டியும் கீரையும் பயறும் போட்ட கஞ்சி, நமக்கு நல்லாவே பிடிக்கும், ஆனா சில இடத்துல இறைச்சிச் சாறு ஊத்துவாங்க. "சென்சா கார்னே, சென்சா பிரோதோ"ன்னு சொல்லு. இறைச்சி வேண்டாம், இறைச்சிச் சாறும் வேண்டாம்னு அர்த்தம். பார்மெசான் சீஸ்ல கன்னுக்குட்டி வயித்துலேருந்து எடுக்கிற உறை சேரும், அது வேண்டாதவங்க முன்கூட்டியே சொல்லிடுங்க. அந்த ஊர் ரொட்டியில உப்பு இருக்காது. கெட்டுப்போனதுன்னு திருப்பிக் கொடுத்துடாதே.

8. பையை முன்னாடி போடு. கூட்டத்துல வழிகாட்டி சொல்றதை வாய் பிளந்து கேக்கறப்பதான் ஜிப் திறக்கும். தரையில ஓவியத் தாள் விரிச்சு வச்சிருப்பாங்க, தெரியாம மிதிச்சா காசு கேட்டுச் சண்டை வரும், கீழே பார்த்து நட. தெருவுல விக்கற போலி பிராண்ட் பை வாங்கினா வாங்கினவங்களுக்கும் அபராதம் உண்டு.

9. முகவரி தேடறப்ப நிறத்தைப் பாரு. ஃப்ளோரன்ஸ்ல கடைகளுக்குச் சிவப்பு எண், வீடுகளுக்கு நீலமோ கறுப்போ. ஒரே தெருவுல சிவப்பு 15 ஒரு இடத்துல, நீல 15 தள்ளி இன்னொரு இடத்துல இருக்கும். முகவரியில எண்ணுக்குப் பக்கத்துல ஆர் எழுத்து இருந்தா சிவப்புன்னு அர்த்தம். இது தெரியாம சந்திக்கற இடத்தைத் தேடி இருபது நிமிஷம் போச்சுன்னா, அந்த இருபது நிமிஷமும் உன் காசு.

10. வாயைத் திறந்து கேளு. நம்ம பொண்ணுங்களுக்கு இது ஒரு பழக்கம், புரியாட்டியும் தலையாட்டறது. வேகமா பேசினா மெதுவா சொல்லச் சொல்லு. "போதும், அடுத்தது போகலாம்"னும் சொல்லலாம், அவங்க கோவிச்சுக்க மாட்டாங்க. அம்மா உட்காரணும்னா உடனே உட்கார வை. நீ அவங்க பேச்சைத் தமிழ்ல பெரியவங்களுக்குச் சொல்ல ரெண்டு நிமிஷம் கேட்டு வாங்கு, வீடியோ எடுக்கற வேலையை வேற யாருக்காவது கொடு. டிப்ஸ் கட்டாயம் இல்ல, மனசு நிறைஞ்சா கொடு.

இன்னொண்ணு. வழிகாட்டி போனப்புறம் ஒரு மாலை மிச்சம் இருந்தா, கஷீனே பூங்காவோட மேற்குக் கோடிக்குப் போ. கோலாப்பூர் மகாராஜா ராஜாராம், இங்கிலாந்து போய்த் திரும்பற வழியில, 1870ல இருபது வயசுல ஃப்ளோரன்ஸ்ல இறந்துபோனார். ஆர்னோ ஆறும் முஞ்ஞோனே ஆறும் கலக்கிற இடத்துல அவருக்குத் தகனம் நடந்தது. அங்கே தலைப்பாகையோட அவர் சிலை நாலு தூண் மண்டபத்துக்குள்ள இருக்கு, பக்கத்துப் பாலத்துக்கே "இந்தியர் பாலம்"னுதான் பேரு. சுற்றுலாப் பட்டியல்ல அது வராது. நம்ம நாட்டுப் பிள்ளை, ஒரு பூ வச்சுட்டு வா.