கம்கட்டு காய்ந்த பிறகே டியோ

அக்கா மகன் திருப்பதியில் ஒரு மொபைல் கடையில் வேலைக்குச் சேர்ந்து மூன்று மாதம் ஆகிறது. பாலசமுத்திரத்திலிருந்து தினமும் பஸ். ஒருநாள் காலையில் அவன் கிளம்புவதைத் திண்ணையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். குளித்த ஈரம் காயாமலே பனியன், அதன்மேல் கடையில் கொடுத்த பாலியஸ்டர் டி-ஷர்ட். பிறகு ஸ்ப்ரே டப்பாவை எடுத்து நெஞ்சில் ஒன்று, முதுகில் ஒன்று, கையைத் தூக்கிச் சட்டைக்கு மேலேயே கம்கட்டில் இரண்டிரண்டு என்று அடித்தான். வீடே மணத்தது.

"மத்தியானம் ஆனா மணமெல்லாம் போயி கப்புதான் மிஞ்சுது மாமா. வேற கம்பெனி வாங்கணும் போல" என்றான்.

கம்பெனி மாற்றித் தீருகிற விஷயமா இது? அவன் கடைசியில் செய்யவேண்டியதை முதலில் செய்துகொண்டிருந்தான். அன்றைக்கு அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே விரிவாக எழுதுகிறேன். எங்கள் சித்தூர், நகரி, புத்தூர் பக்கத்துப் பையன்களுக்குத் தலை வாரவும் ஷூ போடவும் சொல்லித் தர ஆள் இருக்கிறது. கம்கட்டைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். புதிதாக வழியும் வேர்வைக்கு வாடை இல்லை என்றே சொல்லலாம். மாங்காய் சீசனில் பெங்களூரா கூடைகளை லாரியில் ஏற்றுகிறவரின் முதுகில் ஓடுவதும், நகரி தறிக்கூடத்தில் நிற்பவரின் நெற்றியில் வழிவதும் பெரும்பாலும் உப்புத் தண்ணீர்தான். கம்கட்டு, தொடை இடுக்கு போன்ற சில இடங்களில் மட்டும் வேறொரு வகைச் சுரப்பியும் உண்டு. வயதுக்கு வரும்போதுதான் அது வேலையைத் தொடங்கும். அதிலிருந்து கொழுப்பும் புரதமும் கலந்த நீர் கொஞ்சமாகச் சுரக்கும். தோலில் குடியிருக்கும் பாக்டீரியாக்கள் அதை உடைத்துக் கந்தகம் கலந்தவை போன்ற வாடைப் பொருள்களாக மாற்றும்போது எழுவதுதான் கப்பு. ஆகவே உழைத்து வேர்த்தவர் கூனிக் குறுக வேண்டியதில்லை. அந்த வேர்வையைக் கழுவாமல் தோலிலும் துணியிலும் ஊற விடுவதுதான் தப்பு.

வாங்கும்போது

கடை அலமாரியில் ஒன்றுபோல நிற்கும் டப்பாக்கள் செய்யும் வேலை ஒன்றல்ல. பாடி ஸ்ப்ரே என்பது ஏறக்குறைய வாசனைத் திரவியம், அவ்வளவுதான். டியோடரன்ட் பாக்டீரியாவைக் குறைக்கும், வாசனையும் தரும், ஆனால் வேர்ப்பதை நிறுத்தாது. ஆன்ட்டிபெர்ஸ்பிரன்ட் என்று போட்டிருப்பதில் அலுமினிய உப்பு இருக்கும். அது வேர்வைத் துவாரத்தின் வாயில் மெல்லிய அடைப்பாகப் படிந்து, வரும் வேர்வையையே குறைக்கும். டப்பாவின் பின்பக்கம் பொடி எழுத்தில் உள்ள பட்டியலில் அலுமினியம் என்ற சொல்லைத் தேடினால் எது எதுவென்று தெரிந்துவிடும். அக்கா மகன் வைத்திருந்தது வெறும் பாடி ஸ்ப்ரே. மே மாத வெயிலில் பஸ்ஸில் நின்றுகொண்டு போகிற ஒருவனுக்கு அது எத்தனை நேரம் தாங்கும்?

என்னைக் கேட்டால் ரோல்-ஆன் வாங்குங்கள் என்பேன். தேவையான இடத்தில் மட்டும் படியும், காற்றில் வீணாகாது. பால்பாயின்ட் பேனாவின் குண்டைப் பார்த்துப் பிறந்த யோசனை அது, 1950-களில் அமெரிக்காவில் சந்தைக்கு வந்தது. ஆனால் ஒருவருக்கு ஒன்று. அண்ணன் தம்பி ஒரே குண்டை உருட்டக் கூடாது.

குளியல், துண்டு, ஃபேன்

இந்த மூன்றிலும்தான் முக்கால்வாசி வேலை இருக்கிறது, அதனால் நிதானமாகப் படியுங்கள்.

குளிக்கும்போது சோப்பை நெஞ்சில் தேய்த்துவிட்டு நுரை தானாகக் கம்கட்டுக்கு ஓடட்டும் என்று விடாதீர்கள். கையைத் தூக்கி, விரலால் முடியின் அடி வரை அரை நிமிடம் தேய்த்து, நேற்றுப் பூசியதன் வழவழப்புப் போகும் வரை கழுவுங்கள். நார் போட்டு உரசினால் தோல் கீறும், பிறகு டியோ பட்டால் எரியும். வேலை முடிந்து வந்ததும் மாலையில் இன்னொரு குளியல் போடுவது நல்லது. முடியாவிட்டால் அந்த இடத்தை மட்டுமாவது சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.

முடியை மழிக்கத்தான் வேண்டும் என்பதில்லை. டிரிம்மராலோ சின்னக் கத்தரிக்கோலாலோ குட்டையாக வெட்டினால் போதும். வேர்வை தங்கும் இடம் குறையும், பூசுவதும் தோல்வரை போய்ச் சேரும். ரேசர் போடுகிறவர்கள் ராத்திரி மழித்துவிட்டு அன்று எதுவும் பூசாமல் விடுங்கள். மழித்த கையோடு பூசினால் காந்தும்.

அடுத்து, காய வைப்பது. துண்டால் ஒற்றி எடுங்கள். பிறகு ஃபேனுக்கு அடியில் கையைத் தூக்கியபடி ஓரிரு நிமிடம் நில்லுங்கள். ஈரத்தோலில் பூசினால் மருந்து கரைந்து பனியனுக்குப் போய்விடும். அதோடு அலுமினிய உப்பு ஈரத்தோடு சேரும்போது அமிலத்தன்மை கூடி அரிப்பும் எரிச்சலும் வரும். "எனக்கு டியோ ஒத்துக்காது" என்று சொல்லும் பலர் ஈரத்தில் பூசுகிறவர்கள். வீட்டில் எல்லோரும் பொதுவாகத் துடைக்கும் ஈரத்துண்டு வேண்டாம், உங்களுக்கென்று வெயிலில் உலர்ந்த துண்டு ஒன்று வைத்துக்கொள்ளுங்கள்.

பூசும் விதம்

ரோல்-ஆன் என்றால் முடி இருக்கும் பரப்பு முழுக்க மேலும் கீழும் மூன்று நான்கு முறை உருட்டினால் போதும். இரண்டு மூன்று நிமிடம் காய்ந்த பிறகே பனியன். வெள்ளைச் சட்டையின் கம்கட்டில் விழும் மஞ்சள் கறைக்கு முக்கியமான காரணம், காயாத அலுமினிய உப்பு வேர்வையோடு துணியில் ஊறுவது.

ஸ்ப்ரே என்றால் டப்பாவை நன்றாகக் குலுக்கி, சுமார் 15 செ.மீ. தள்ளிப் பிடித்து, தோலின் மேல் இரண்டு நொடி அடியுங்கள். ஒட்டிப் பிடித்து விடாமல் அடித்தால் அந்தக் குளிரிலேயே தோல் வெந்ததுபோல் ஆகிவிடும். பல டப்பாக்களில் அழுத்தத்துக்கு அடைத்திருப்பது பியூட்டேனும் புரோப்பேனும், அதாவது சமையல் சிலிண்டரில் இருக்கிற அதே வாயுக்கள். எங்கள் ஊர் வீடுகளில் குளியலறைக்குப் பக்கத்திலேயே வெந்நீர் அடுப்பு எரியும், சாமி மாடத்தில் விளக்கு எரியும். அங்கே நின்று அடிக்கவே கூடாது. ஜன்னல் திறந்த அறையில் அடியுங்கள். வெயிலில் நிற்கும் பைக்கின் டிக்கியில் டப்பாவைப் போட்டு வைக்காதீர்கள்.

ஆன்ட்டிபெர்ஸ்பிரன்ட்டை ராத்திரி படுக்கும் முன் பூசுங்கள். இதைச் சொன்னபோது அக்கா மகன் நம்பவில்லை. தூங்கும்போது வேர்ப்பது குறைவு, அதனால் உப்பு துவாரத்தில் படிய நேரம் கிடைக்கும். படிந்த பிறகு காலைக் குளியலில் எளிதில் போகாது. காலையில் வாசனை வேண்டுமென்றால் மேலே லேசாக டியோ போட்டுக்கொள்ளலாம். பலன் தெரியச் சில நாள் பிடிக்கும்.

இவ்வளவும் செய்துவிட்டு நேற்றைய டி-ஷர்ட்டை மாட்டினால் எல்லாம் பாழ். பருத்தியைவிடப் பாலியஸ்டரில் கப்பு அதிகமாகத் தங்கும். யூனிபார்ம் அதுதான் என்றால் உள்ளே தினமும் துவைத்த பருத்தி பனியன் போடுங்கள். சட்டையை உள்பக்கம் திருப்பி, கம்கட்டுப் பகுதியில் சோப்பு போட்டு ஊற வைத்துத் துவைத்து வெயிலில் காயப் போடுங்கள்.

மலை ஏறும் நாள்

அலிபிரியிலிருந்து திருமலைக்கு நடந்து ஏறுகிறவர்களுக்கு 3,550 படி. ஏறி முடித்து, கூட்ட நாளென்றால் க்யூவில் பல மணி நேரம். தோளோடு தோள் உரசி நிற்கும் இடம் அது. எந்த டியோவும் அவ்வளவு நேரம் தாங்காது, தாங்கும் என்று நம்பவும் வேண்டாம். பையில் ஒரு சின்னத் துண்டும் மாற்றுப் பனியனும் எடுத்துப் போங்கள். மேலே போனதும் துண்டை நனைத்துக் கம்கட்டைத் துடைத்து, காய வைத்து, பனியனை மாற்றுங்கள். ரோல்-ஆன் இருந்தால் அதன் பிறகு. வேர்வைக்கு மேலேயே ஸ்ப்ரே அடித்தால் கப்பும் செண்டும் கலந்து, பக்கத்தில் நிற்கிறவருக்குத் தலைவலிதான் வரும்.

படிகாரமும் மற்றவையும்

டப்பா வாங்க வசதி இல்லையென்றால் நாட்டு மருந்துக் கடையில் படிகாரக் கட்டி கிடைக்கும். சலூனில் சவரம் முடிந்ததும் கன்னத்தில் தேய்ப்பார்களே, அதுதான். அதுவும் அலுமினிய உப்பு வகை, பாக்டீரியாவைக் கட்டுப்படுத்தும். குளித்ததும் கட்டியை நனைத்து நான்கு முறை தேய்த்துக் காய விடுங்கள். வேர்வையை அடைக்கும் சக்தி கம்மி, கப்பைக் குறைக்கும்.

எலுமிச்சம்பழம் தேய்ப்பது வேண்டாம். சாறு பட்ட தோலில் வெயில் பட்டால் வெந்துபோய்க் கறுக்கும். சோடா உப்பும் பலருக்கு அரிக்கும். பவுடர் ஈரத்தை உறிஞ்சும், அதோடு சரி. தொடை இடுக்கில் டியோ அடிக்கவே கூடாது. அங்கே அரிப்பும் வட்டமாகத் தடிப்பும் இருந்தால் அது படர்தாமரையாக இருக்கலாம். மெடிக்கலில் கேட்டு வாங்கும் ஸ்டீராய்டு கலந்த கிரீம் இரண்டு நாள் அடக்கிவிட்டுப் பிறகு பரப்பிவிடும். தோல் டாக்டரிடம் காட்டுங்கள்.

கம்கட்டில் வலியோடு கட்டி திரும்பத் திரும்ப வந்தாலும், சும்மா உட்கார்ந்திருக்கும்போதே சட்டை நனைந்தாலும், ராத்திரி படுக்கை நனையும் அளவு வேர்த்தாலும் டப்பாவை நம்பி நாள் கடத்தாதீர்கள். திருப்பதி ருயா ஆஸ்பத்திரி இருக்கிறது, வேலூர் சி.எம்.சி. இருக்கிறது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் அலுமினியம் கலந்ததை டாக்டரைக் கேட்டுப் பூசவேண்டும்.

அக்காவின் சின்ன மகனுக்குப் பன்னிரண்டு வயது. அண்ணனின் டப்பாவை எடுத்து அடித்துக்கொண்டு பள்ளிக்கூடம் போகிறான். அவனைத் தனியாகக் கூப்பிட்டு, யார் எதிரிலும் சொல்லாமல், கம்கட்டை எப்படித் தேய்த்துக் கழுவுவது என்று காட்டினேன். இப்போதைக்கு அவனுக்கு ஒரு சோப்பு, ஒரு துண்டு, தினமும் மாற்ற ஐந்து பனியன். ரோல்-ஆன் கேட்டால் அடுத்த வருஷம் பார்க்கலாம் என்று சொல்லியிருக்கிறேன்.