ஏசி முனகுகிறதா? ஸ்டார்ட் கிட் வாங்குமுன்

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் பக்கம் ஏப்ரல் மாதத்தில் வழக்கமாகக் கேட்கிற புகார்தான். சாயங்காலம் ஏசியைப் போட்டால் வெளி யூனிட் நாலு விநாடி முனகிவிட்டு 'டக்'கென்று நின்றுவிடும். "கிட் போட்டுடலாம் சார்" என்பார் மெக்கானிக். கம்ப்ரஸர் கிளம்பக் கூடுதல் உந்துதல் தரும் ஸ்டார்ட் கிட்டைத்தான் சொல்கிறார். கொஞ்சம் பொறுங்கள்.

உங்களுடையது இன்வெர்ட்டர் ஏசி என்றால் கிட் பேச்சே வேண்டாம். அதன் கம்ப்ரஸரை மெல்லக் கிளப்புவது போர்டுதான். கிட் மாட்டினால் போர்டு போய்விடும். பழைய சாதா ஏசிக்கு மட்டும்தான் மீதிக் கதை.

முதலில் ரன் கெப்பாசிட்டர். ஒன்றரை டன்னுக்குப் பெரும்பாலும் 35 முதல் 50 மைக்ரோஃபாரட் இருக்கும். தலை உப்பியிருந்தால் அளக்கவே வேண்டாம், மாற்றிவிடுங்கள். மற்றபடி மெயினை அணைத்து, ரெசிஸ்டர் வைத்து சார்ஜை இறக்கிவிட்டு மீட்டரில் பார்க்கலாம். கெப்பாசிட்டர் மேல் எழுதியிருப்பதைவிட 10 சதவீதத்துக்கு மேல் குறைந்தால் அது செத்த கெப்பாசிட்டர். ஓடும்போதே சோதிப்பது இன்னும் நம்பகமானது, ஆனால் அது மெக்கானிக் வேலை. ஸ்டார்ட் வயரில் ஓடும் ஆம்பியரை 3183-ஆல் பெருக்கி, கெப்பாசிட்டரின் இரு முனைக்கிடையே உள்ள வோல்ட்டால் வகுக்க வேண்டும். 4.8 ஆம்பியர், 380 வோல்ட் என்றால் 40 மைக்ரோஃபாரட். பல வீடுகளில் கெப்பாசிட்டரை மாற்றியதோடு கோளாறு தீர்ந்துவிடும்.

அடுத்தது வோல்டேஜ். மோட்டாரின் திருகுவிசை வோல்டேஜின் வர்க்கத்தைப் பொறுத்தது. 230 வர வேண்டிய இடத்தில் 170 வந்தால் விசை கிட்டத்தட்ட பாதிதான். லைன் கடைசியில் வீடு இருந்து, சுற்றிலும் போர்வெல் மோட்டார்கள் ஓடினால் கிட்டைவிட ஸ்டெபிலைசருக்குச் செலவழிப்பதே புத்திசாலித்தனம்.

இரண்டும் சரியாக இருந்து, கம்ப்ரஸருக்கு வயதாகிவிட்டது என்றால்தான் கிட். தோட்டத்து போர்வெல் பேனலில் ஸ்டார்ட், ரன் என்று இரண்டு கெப்பாசிட்டர் பார்த்திருப்பீர்கள், அதே சங்கதிதான். இரண்டு வயர் பிடிசி கிட் மலிவு. சூடேறித் தானே விலகும், ஆனால் ஆறச் சில நிமிடம் பிடிக்கும். கரண்டு போய் உடனே வந்தால் உதவாது. பொட்டென்ஷியல் ரிலே உள்ளது மோட்டார் வேகமெடுத்ததும் விலகி, அது நின்றதும் மறுபடி தயாராகிவிடும். விலை கூடத்தான், என் ஓட்டு இதற்கே. ஜெனரேட்டரிலோ சோலாரிலோ ஏசி ஓட்டுகிறவர்கள் மட்டும், கிளம்பும்போது இழுக்கும் கரண்டைக் குறைக்கும் சாஃப்ட் ஸ்டார்ட்டரைப் பார்க்கலாம்.

மூணாறுக்காரர்களுக்கு ஏசி ஏது? அங்கே முனகுவது ஃபிரிட்ஜ். அதன் கம்ப்ரஸரில் செருகியிருக்கும் பிடிசி ஸ்டார்ட்டரைப் பிளக்கை எடுத்துவிட்டுக் கழற்றிக் காதருகே குலுக்குங்கள். கலகலவென்றால் உள்ளே வில்லை உடைந்துவிட்டது. மாற்றச் செலவு அதிகமில்லை.

சரியான கிட் போட்டும் ஏசி முனகினால் பெரும்பாலும் கம்ப்ரஸர் ஜாம். அதற்கு மேல் அந்த ஏசிக்குக் காசு செலவழிக்காதீர்கள்.