தவணை குறைந்தால் கடன் மலிவா?

கேள்வி: 50 லட்சம் ரூபாய் வீட்டுக் கடனை 20 ஆண்டுக்குப் பதில் 30 ஆண்டுக்கு எடுத்தால் மாதத் தவணை குறைகிறதே, அது லாபம்தானே? – வாசகர், திருச்சி

பதில்: தவணை குறையும்; வீட்டின் விலை கூடும். வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். 20 ஆண்டுக்குத் தவணை சுமார் 43,400 ரூபாய், மொத்த வட்டி 54 லட்சம். 30 ஆண்டுக்குத் தவணை 38,450. வட்டியோ 88 லட்சத்தைத் தாண்டும். மாதம் 5,000 ரூபாய்கூட மிச்சமாகாத வசதிக்கு 34 லட்சம் கூடுதலாகக் கட்டுகிறீர்கள். நிலுவையில் உள்ள அசலுக்கே வட்டி போடுவதால் முதல் மாத வட்டி மட்டும் 35,400 ரூபாய். 20 ஆண்டுக் கடனில் அந்த மாதம் அசலில் கிட்டத்தட்ட 8,000 ரூபாய் கழியும். 30 ஆண்டுக் கடனில் வெறும் 3,000.

பணவீக்கத்தில் ரூபாயின் மதிப்பு தேயுமே என்பார்கள். உண்மைதான், அந்த 34 லட்சத்தின் இன்றைய மதிப்பு குறைவே. ஆனால், மிச்சமாகும் பணம் வரி போக 8.5 சதவீதத்துக்கு மேல் ஈட்டினால்தான் அது லாபம். வரிச்சலுகையும் பெரிதாகக் கைகொடுக்காது: பழைய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வட்டி வரைதான் கழிவு; புதிய முறையில் அதுவும் இல்லை. வருமானம் நிலையில்லாதவர்கள் நீண்ட தவணையை எடுப்பதில் தவறில்லை. மாறும் வட்டியிலான வீட்டுக் கடனைத் தனிநபர் முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வசூலிக்க ரிசர்வ் வங்கி அனுமதிப்பதில்லை. கையில் பணம் சேரும்போதெல்லாம் அசலைக் குறையுங்கள்; வட்டி ஏறினால் காலத்தை நீட்டாமல் தவணையை உயர்த்தக் கேளுங்கள்.